ஆறு பேரும் ஒரு மரமும்

லண்டனுக்குப் போகிறவர்கள் பார்த்தே தீர வேண்டிய இடங்களுக்கு ஒரு ஜாபிதா உண்டு. ராஜ மாளிகை, பார்லிமெண்ட் கட்டிடம், தேம்ஸ் நதியின் பாலங்கள், நம் தேசத்திலிருந்து போய்ச் சேர்ந்த கோஹினூர் வைரம் இருக்கும் பழைய கோட்டை முதலியவை அதில் அடங்கும். நாமும் அந்த ஜாபிதாவை ஒழுங்காகவே பார்த்து முடித்தோம். பிறகு ஒரு மரத்தைப் பார்க்கப் புறப்பட்டோம்.

"மரத்தையா? அதற்காகவா இவ்வளவு தூரம்?" என்று நாம் தங்கியிருந்த வீட்டு அம்மாள் வியந்தாள். டார்ஸெட் ஜில்லாவில் டால்படில் என்ற கிராமத்தில் அந்த மரம் இருக்கிறது என்றோம். "ஓ! அந்த மரமா?" என்றாள். அந்த ஒரு வார்த்தையில் குரல் சற்றுத் தாழ்ந்துவிட்டது. நம் ஊரில் பெரியோர் சமாதி இருக்கும் ஊரின் பெயரைச் சொன்னால் எப்படிக் குரல் தாழுமோ, அப்படி.

லண்டன் வாட்டர்லூ ஸ்டேஷனில் ரயிலேறினால் ஸௌதாம்ப்டன் துறைமுகத்தையும் தென் கடற்கரை ஊர்கள் சிலவற்றையும் தாண்டி, சுமார் மூன்று மணி நேரத்தில் டார்செஸ்டர் நகரம் வந்துவிடும். அந்த ஜில்லாவின் தலைநகரம் அது. நாவலாசிரியர் தாமஸ் ஹார்டி தம் கதைகளில் வேறு பெயர் சூட்டி உலகறியச் செய்த ஊரும் அதுவே. நகரத்தின் பெரிய வீதியில் 1797-ம் வருஷத்தில் கட்டிய பழைய நியாயஸ்தலம் ஒன்று இருக்கிறது. அது 2018-ம் வருஷம் முதல் பொருட்காட்சிசாலையாக விளங்குகிறது. நியாயாதிபதியின் ஆசனம், ஜூரர்களின் பலகைகள், கைதிக் கூண்டு எல்லாம் அப்படியே இருக்கின்றன. கூண்டுக்குக் கீழே இருட்டறைகள். கூண்டில் ஆறு பேர் நெருக்கியடித்துத்தான் நிற்க முடியும். நாம் தேடி வந்த ஆறு பேரும் 1834-ம் வருஷம் மார்ச்சு மாதத்தில் அவ்விதம் நின்றவர்களே.

கூண்டைப் பார்த்துவிட்டுக் கிழக்கே மோட்டாரில் சென்றோம். சுமார் ஏழு மைல் தூரம். அவர்கள் காவலாளியுடன் ஊரிலிருந்து நகரத்துக்கு நடந்து வந்தார்கள். நாம் நகரத்திலிருந்து அவர்கள் ஊரை நோக்கிப் போனோம்.

அந்தப் பிரதேசத்தில் ஓடும் சிற்றாற்றின் பெயர் பிடில். கச்சேரிப் பிரியர்கள் அவசரப்பட வேண்டாம். அதற்கும் வாத்தியத்துக்கும் சம்பந்தமில்லை. நம் வாய்க்கால்களில் பெரியதொன்றை எடுத்து, அதில் தெளிந்த நீரை விட்டு, இரு கரையிலும் பசும்புல்லை விரித்தால் அந்த ஆறு ஆகிவிடும். கரையோரக் கிராமங்கள் பலவும் அதன் பெயரையே வாலாகக் கட்டிக்கொண்டிருக்கின்றன: படில்டௌன், அஃப்படில், பிரையண்ட்ஸ்படில் என்று. டால்படில் என்பதன் முற்பகுதி டோலா என்ற ஒரு மாதரசியைக் குறிக்கிறது. பதினோராம் நூற்றாண்டில் அரசனின் மெய்காவலர்களில் ஒருவனான ஆர்க் என்பவனுக்கு வாழ்க்கைப்பட்டுப் பின்னர் விதவையானவள் அவள். இந்த நிலங்களை ஆபட்ஸ்பரி என்னும் ஊரிலிருந்த மடத்துக்குத் தானம் செய்தாள். தானம் பெற்ற மடம் போய்விட்டது. தானம் கொடுத்தவள் பெயர் ஊரின் பெயரில் இன்னும் இருக்கிறது.

கிராமத்தில் நீண்ட தெரு ஒன்றுதான். மண்ணும் வைக்கோலும் குழைத்து எழுப்பிய சுவர்களின் மேல் தடித்த கூரை வேய்ந்த வீடுகள், ஜன்னலோரங்களில் பூச்செடிகள். இப்போது பெரிய நெடுஞ்சாலை ஊரை விலக்கிக்கொண்டு போவதால் தெருவில் சந்தடி குறைவு. ஒரு பழைய மாதா கோயில், ஒரு சாராயக் கடை, சிறு புல்வெளி ஒன்று. அந்தப் புல்வெளியில் மரம் நிற்கிறது.

அது ஸிகமோர் ஜாதி மரம். அடிமரம் முடிச்சு முடிச்சாகப் பருத்து, கிழவரின் முழங்கையைப் போலிருக்கிறது. 2005-ம் வருஷத்தில் அதன் சுற்றளவை அளந்து கணக்கிட்ட நிபுணர்கள், அது ஏறக்குறைய 1680-ல் முளைத்திருக்க வேண்டும் என்று முடிவு செய்தார்கள். அப்படியானால் நம் கதை நடந்தபோது அதற்கு வயது நூற்றைம்பது. பக்கத்தில் புல் வேய்ந்த சிறு மண்டபம் ஒன்று, களைத்து வருகிறவர் உட்கார 1934-ல் கட்டியது. நாமும் அதில் உட்கார்ந்தோம். கதையை இனி அங்கிருந்தே சொல்லுகிறோம்.

அந்தக் காலத்தில் இங்கிலாந்தின் வயல்களில் உழைத்தவனுக்கு நிலம் கிடையாது. முன்பு பொதுவாயிருந்த மேய்ச்சல் நிலங்களும் பல இடங்களில் வேலியிட்டுப் பெரிய பண்ணைக்காரர் கையில் போய்விட்டன. வாரக் கூலி ஒன்றுதான் ஜீவனம். 1830-ல் தென் ஜில்லாக்களின் கூலியாட்கள் பசி பொறுக்காமல் கதிரடிக்கும் யந்திரங்களை உடைத்தார்கள், வைக்கோற்போர்களுக்குத் தீ வைத்தார்கள். சிலர் தூக்கில் ஏறினார்கள், நூற்றுக்கணக்கானோர் கப்பலேற்றப்பட்டார்கள். டால்படில் கூலியாட்கள் யந்திரத்தையும் தொடவில்லை, தீயையும் தொடவில்லை. மற்ற இடங்களில் கொடுக்கும் பத்து ஷில்லிங் தமக்கும் வேண்டும் என்று கேட்டார்கள். பண்ணைக்காரர்கள் ஒப்புக்கொண்டதாகவும், ஊர்ப் பாதிரியார் அதற்குச் சாட்சியாயிருந்ததாகவும், பின்னர் அவரே அந்த வாக்கை மறுத்துவிட்டதாகவும் அவர்களின் தலைவர் பிற்காலத்தில் எழுதியிருக்கிறார். பத்து ஷில்லிங் வரவில்லை. ஒன்பது ஆயிற்று, எட்டாயிற்று, ஏழாயிற்று. இனி ஆறுதான் என்றார்கள்.

தலைவர் என்றோமே, அவர் பெயர் ஜார்ஜ் லவ்லெஸ். வயது முப்பத்தேழு. ஏர் பிடித்து உழும் ஆள். தாமாகவே எழுத்துக் கற்று, செப்புக் காசு சேர்த்துச் சமய நூல்கள் வாங்கிப் படித்து, ஞாயிற்றுக்கிழமைகளில் மெதடிஸ்ட் கூட்டத்தாரின் சிறு ஜெபாலயத்தில் பிரசங்கம் செய்துவந்தவர். அந்த மண் சுவர்க் கட்டிடம் வெகுகாலம் களஞ்சியமாகக் கிடந்து, சமீப வருஷங்களில்தான் பழுது பார்க்கப்பட்டது. கூலி ஏழு ஷில்லிங் ஆனபோது அவர் தம் நண்பர்களை இந்த மரத்தடியில் கூட்டினார். 1833-ல் 'விவசாயத் தொழிலாளர் நேச சங்கம்' பிறந்தது. சேருவதற்கு ஒரு ஷில்லிங். பிறகு வாரம் ஒரு பென்னி. தாமஸ் ஸ்டாண்ட்பீல்டு என்பவரின் வீட்டு மாடியறையில் கூட்டம் நடக்கும். புதிதாகச் சேருகிறவன் கண்ணைக் கட்டி அழைத்து வருவார்கள். கட்டை அவிழ்த்ததும் எதிரே ஓர் எலும்புக்கூட்டின் படம் தெரியும். மரணத்தை நினைத்து, சங்கத்தின் காரியங்களை வெளியே சொல்லுவதில்லை என்று அவன் சத்தியம் செய்ய வேண்டும். கேட்கிற நமக்குச் சிரிப்பு வரலாம். ஆனால் எழுதப் படிக்கத் தெரியாத ஏழைகளுக்குச் சத்தியம்தானே பத்திரம்?

அந்தச் சத்தியமே யமனாக வந்தது.

சங்கம் கூடுவது அப்போது குற்றமன்று. கூலிக்காரர் ஒன்றுசேர்வதைத் தடுத்த சட்டங்களைப் பார்லிமெண்டே 1824-ல் ரத்து செய்திருந்தது. ஆனால் அவ்வட்டாரத்துப் பெரிய நிலச்சுவான்தாரும் மாஜிஸ்டிரேட்டுமான ஜேம்ஸ் பிராம்ப்டனுக்கு உறக்கம் வரவில்லை. அவர் உள்நாட்டு மந்திரி மெல்பர்ன் பிரபுவுக்கு எழுதினார். இருவருமாகத் தேடி 1797-ம் வருஷத்துச் சட்டம் ஒன்றைக் கண்டெடுத்தார்கள். கடற்படையில் மாலுமிகள் கலகம் செய்த காலத்தில், ரகசியப் பிரமாணம் செய்து வைப்பதைத் தடுக்க ஏற்பட்ட சட்டம் அது. மாலுமிக்கு வைத்த வலையில் உழவனைப் பிடித்தார்கள்.

1834 பிப்ரவரியில் எச்சரிக்கை விளம்பரங்கள் ஒட்டப்பட்டன. சில நாட்களுக்குள், 24-ம் தேதி விடியற்காலையில், ஜார்ஜ் வேலைக்குப் புறப்படும்போது காவலாளி வந்து வாசலில் நின்றான். ஜார்ஜ் மனைவியிடம் விடை பெற்றுக்கொண்டு புறப்பட்டார். மற்ற ஐவரும் அவ்வாறே. ஜார்ஜின் தம்பி ஜேம்ஸ்; அவர்கள் சகோதரியின் கணவர் தாமஸ் ஸ்டாண்ட்பீல்டு; அவருடைய மகன் ஜான்; இருபதே வயதான ஜேம்ஸ் பிரைன்; ஜேம்ஸ் ஹாமெட். ஹாமெட்டின் கதை தனி. குற்றமாகச் சொல்லப்பட்ட இரவில் அவன் அந்த மாடியறையிலேயே இல்லை. இருந்தவன் அவன் சகோதரன் ஜான். ஜானின் மனைவிக்கு அது பிரசவ காலம். ஆகவே காவலாளி 'ஹாமெட் யார்?' என்றபோது ஜேம்ஸ் முன்வந்தான் என்று கூறப்படுகிறது.

விசாரணை மூன்று நாளுக்குள் தீர்ந்தது. வழக்கை ஏற்றுக்கொண்ட பெரிய ஜூரியின் தலைவர் உள்நாட்டு மந்திரியின் மைத்துனர். ஜார்ஜ் தம் தரப்பைச் சிறு காகிதத்தில் எழுதிக் கொடுத்தார்: யாருடைய பெயருக்கும், உடலுக்கும், சொத்துக்கும் தாங்கள் தீங்கு செய்யவில்லை, தங்கள் மனைவி மக்கள் பட்டினியால் அழியாமல் காக்கவே ஒன்றுசேர்ந்தோம் என்பது அதன் சாரம். மற்றவர்களுக்கு இது ஒரு பாடமாயிருக்க வேண்டும் என்று கருதிய நியாயாதிபதி, ஏழு வருஷம் தீவாந்தர சிக்ஷை விதித்தார்.

தீவாந்தரம் என்ற வார்த்தையைக் கேட்டதும் நம் நேயர்களுக்கு அந்தமான் நினைவு வராமற் போகாது. அதற்குக் காரணமும் இருக்கிறது. இந்த ஆறு பேரும் கைதான அதே பிப்ரவரியில், மெல்பர்ன் பிரபுவின் கட்சியைச் சேர்ந்த மெக்காலே இந்தியாவுக்குச் சட்டங்கள் செய்யக் கப்பலேறினார். ஜூன் மாதம் சென்னைக் கரையில் இறங்கினார். 1837-ல் அவர் வரைந்த தண்டனைச் சட்டத்தில் தீவாந்தர சிக்ஷையும் இருந்தது. 1860-ல் அது சட்டமாயிற்று. 1908-ல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்களின் வேலைநிறுத்தத்துக்குத் துணை நின்ற ஸ்ரீ வ. உ. சிதம்பரம் பிள்ளைக்கு, ராஜத்துவேஷக் குற்றம் சாட்டித் தீவாந்தரம் விதித்தது அந்தச் சட்டத்தின் கீழ்த்தான். அப்பீலில் பிறகு குறைத்தார்கள். ஆள்கிறவர்களின் சட்டம் முதலில் தங்கள் வீட்டு ஏழைகள் மேல் பழகிக்கொண்டுதான் கடல் கடக்கிறது போலும்!

ஐவர் ஸர்ரி என்ற கப்பலில் நியூ ஸௌத் வேல்ஸுக்குப் போனார்கள். சிறையில் நோயுற்றுக் கிடந்த ஜார்ஜ், பிறகு தனியே வான் டீமன் தீவுக்கு, அதாவது இன்றைய டாஸ்மேனியாவுக்குப் போனார். விலங்கோடு சாலை வேலை செய்தார். தாமஸ் ஸ்டாண்ட்பீல்டு நாற்பத்து நான்கு வயதில் ஆடு மேய்க்க விடப்பட்டார். சில மைலுக்கு அப்பால் வேலையிலிருந்த மகன் ஜான் ஒருநாள் பார்க்கப் போனான். உடம்பெல்லாம் புண்ணாகக் கிடந்த தந்தையைக் கண்டான். ஹாமெட் தான் ஒரு பவுனுக்கு அடிமையைப்போல் விற்கப்பட்டதாகப் பிற்காலத்தில் சொன்னான்.

ஊரில் மனைவிமார்களின் நிலை என்ன? ஏழைகளுக்கு ஊர்ப்பொதுப் பணத்திலிருந்து கொடுக்கும் உதவியை அவர்கள் கேட்டார்கள். சங்கத்துக்குக் காசு கொடுக்கத் தெரிந்தவர்களுக்கு உதவி எதற்கு என்று மறுத்துவிட்டார்கள். அப்போதுதான் தேசம் விழித்தது. லண்டனில் கமிட்டி கூடிற்று. நெசவாளரும் தையற்காரரும் கொல்லரும் தங்கள் கூலியிலிருந்து கொடுத்த காசு டால்படில் அடுப்புகளை எரியச் செய்தது. 1834 ஏப்ரல் 21-ம் தேதி, லண்டனின் வடக்கேயுள்ள கோபன்ஹேகன் வெளியில் பதினாயிரக்கணக்கான தொழிலாளர்கள் கூடி, இரண்டு லட்சத்துக்கு மேற்பட்ட கையெழுத்துக்கள் கொண்ட விண்ணப்பத்தைத் தோளில் சுமந்து ஊர்வலமாகச் சென்றார்கள். ஒரு கல் விழவில்லை. ஒரு கண்ணாடி உடையவில்லை. மெல்பர்ன் பிரபு அன்று விண்ணப்பத்தை வாங்கிக்கொள்ள மறுத்தார். ஆயினும் கிளர்ச்சி ஓயவில்லை. 1836 மார்ச்சில் ஆறு பேருக்கும் பூரண மன்னிப்பு அளிக்கப்பட்டது.

மன்னிப்புக் கிடைத்த செய்தியை ஜார்ஜ் லவ்லெஸ் எப்படி அறிந்தார் என்பதைப் பத்திரிகை படிக்கும் நேயர்கள் கவனிக்க வேண்டும். அதிகாரிகள் ஓடி வந்து சொல்லவில்லை. கையில் அகப்பட்ட ஒரு பழைய செய்தித்தாளில் தற்செயலாகப் படித்தார்! 1837-ல் அவர் ஊர் திரும்பினார். 1838-ல் நால்வர் திரும்பினார்கள். ஹாமெட் 1839-ல்தான் கரையேறினான்.

கமிட்டியார் திரட்டிய பணத்தில் அவர்களுக்கு எஸ்ஸெக்ஸ் ஜில்லாவில் குத்தகைப் பண்ணைகள் கிடைத்தன. அங்கே கிரீன்ஸ்டெட் என்ற ஊரின் மிகப் பழைய மரக்கோயிலில் பிரைனுக்கும் தாமஸ் ஸ்டாண்ட்பீல்டின் மகள் எலிஸபெத்துக்கும் 1839-ல் விவாகம் நடந்தது. ஒன்றாய்க் கப்பலேறியவர்கள் இப்போது மாமனும் மருமகனும் ஆனார்கள். ஆனால் புதிய ஊரின் கனவான்களுக்கும் இவர்களைப் பிடிக்கவில்லை. 1840-களில் ஐந்து குடும்பங்களும் கனடாவுக்குக் குடியேறின. ஜார்ஜ் லவ்லெஸ் 1874-ல் அங்கேயே, லண்டன் என்றே பெயர் கொண்ட ஊரில் காலமானார்.

ஹாமெட் மட்டும் டால்படிலுக்குத் திரும்பி வந்துவிட்டான். பண்ணை வேலையை விட்டுக் கட்டிட வேலைக்குப் போனான். 1875-ல் விவசாயத் தொழிலாளர்களின் புதிய சங்கத்தார் அவனுக்கு ஒரு வாழ்த்துப் பத்திரமும் தங்கக் கடிகாரமும் அளித்துக் கௌரவித்தார்கள். பிறகு கிழவனுக்குக் கண் மங்கிற்று. குடும்பத்துக்குப் பாரமாயிருக்க மனமின்றித் தானாகவே டார்செஸ்டர் தரித்திர விடுதியில் போய்ச் சேர்ந்தான். 1891-ல் அங்கே இறந்தான். சகோதரனுக்காகக் கடல் தாண்டியவன், யாருக்கும் சுமையாகாமல் ஏழு மைலுக்கு அப்பால் கண் மூடினான்.

மரத்தடியிலிருந்து எழுந்து தெருவோடு நடந்தோம். மெதடிஸ்ட் ஜெபாலயத்தின் வாசலில் ஆறு பேரின் ஞாபகார்த்தமாக 1912-ல் எழுப்பிய கல் வளைவு இருக்கிறது. ஊரின் ஓரத்தில் ஒரே வரிசையில் ஆறு வீடுகள். பிரிட்டிஷ் தொழிற்சங்கங்களின் காங்கிரஸ், தண்டனையின் நூறாவது வருஷமான 1934-ல், வயதான விவசாயத் தொழிலாளர்கள் குடியிருப்பதற்காக இவற்றைக் கட்டிற்று. ஒவ்வொரு வீட்டுக்கும் ஆறு பேரில் ஒருவர் பெயர். நடுவே சிறு பொருட்காட்சிசாலை. வாசலில் 2001-ல் வைத்த சிலைகள். சிற்பி அதில் ஓர் இடத்தைக் காலியாக விட்டிருக்கிறார். வருகிறவர்கள் ஜார்ஜ் லவ்லெஸுக்குப் பக்கத்தில் உட்காரலாம்.

அந்த ஆறு வீடுகளை நாம் வெகு நேரம் பார்த்துக்கொண்டு நின்றோம். உழைத்துக் கிழவனானவன் தலைசாய்க்க ஓர் இடம். தரித்திர விடுதியில் இறந்த ஹாமெட்டுக்கு அது கிடைக்கவில்லை. கிடைத்திருக்க வேண்டியதை நாற்பத்து மூன்று வருஷம் கழித்து அவன் பெயராலேயே வேறொரு கிழவனுக்குக் கொடுத்தார்கள். தாமதமான மரியாதைதான், ஆயினும் கல்லில் மட்டும் செய்து நிறுத்திவிடாமல் கூரையாகவும் செய்தார்களே என்று தோன்றிற்று. தியாகிகளுக்குச் சிலை வைப்பதில் நாமும் பின்வாங்குகிறவர்கள் அல்லர். அவர்கள் உயிரோடிருக்கும்போது அவர்கள் வீட்டு அடுப்பைப் பற்றி விசாரித்தோமா என்பதை அவரவர் மனசாட்சியைக் கேட்டுக்கொள்ள வேண்டும். சிறையிலிருந்து மீண்ட சிதம்பரம் பிள்ளை எப்படி வாழ்ந்தார் என்பது தமிழர் அறிந்ததே.

கடைசியாக மாதா கோயிலின் முற்றத்துக்குப் போனோம். ஆறு பேரில் சொந்த ஊர் மண்ணில் துயில்கிறவர் ஹாமெட் ஒருவரே. இறந்து நாற்பத்து மூன்று வருஷம் அந்தக் குழிக்கு ஒரு கல்லும் இல்லை. 1934-ல்தான் புகழ் பெற்ற சிற்பி எரிக் கில் செதுக்கிய தலைக்கல் வைக்கப்பட்டது. எழுத்துக்கள் அழகாயிருக்கின்றன, வார்த்தைகள் மிகக் குறைவு. வருஷந்தோறும் ஜூலை மாதத்தில் இவ்வூரில் திருவிழா நடக்கிறது. தொழிற்சங்கத்தார் தங்கள் கொடிகளுடன் ஊர்வலம் வந்து இந்தக் கல்லருகே மலர் வளையம் வைப்பார்கள். நாம் போனது திருவிழாக் காலமன்று. முற்றத்தில் காற்றைத் தவிர யாருமில்லை.

பிராம்ப்டன் மாஜிஸ்டிரேட்டின் வீட்டைப் பார்க்க வருகிறவர்கள் உண்டோ என்று விசாரிக்க நமக்கு மனமில்லை. மெல்பர்ன் பிரபு பின்னால் பிரதம மந்திரியானார். பெரிய நகரம் ஒன்று அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. ஆனால் அவர் பெயரைச் சொன்னால் லண்டனில் யாருடைய குரலும் தாழக் காணோம்.

இரவு லண்டனுக்குத் திரும்பினோம். வீட்டு அம்மாள் கதவைத் திறந்ததும், "மரம் எப்படியிருக்கிறது?" என்று கேட்டாள்.

"சௌக்கியமாக இருக்கிறது, அம்மா! புதுத் தளிர் விட்டிருக்கிறது" என்றோம்.